பிரெஞ்சின் கூடப்பிறந்தவர்கள் யார்?

கேள்வி இது: “பிரெஞ்சுக்கு மிக நெருங்கிய சொந்தம் எந்த மொழி? ஆங்கிலத்தில் ஏகப்பட்ட பிரெஞ்சுச் சொற்கள் இருக்கின்றனவே, அப்படியானால் ஆங்கிலமா? இல்லை இத்தாலியமா, ஸ்பானிஷா?”

மூன்றும் இல்லை. பிக்கார், நார்மன், வலோன், காலோ என்று பெயர் சொன்னால் பலருக்கும் புதிதாகத் தோன்றும் சில மொழிகள்தான் பிரெஞ்சின் கூடப்பிறந்தவை. அவை பிரான்சின் வடபாதியிலும் பெல்ஜியத்தின் தென்பாதியிலும் பேசப்படுபவை. இத்தாலியமும் ஸ்பானிஷும் ஒன்றுவிட்ட சகோதரர்கள். ஆங்கிலம் வேறு கிளை. அந்த வீட்டு நகைகளை நிறையக் கடன் வாங்கிப் போட்டுக்கொண்டிருக்கிறது, அவ்வளவுதான்.

ஏன் இப்படிச் சொல்கிறேன் என்பதற்கு முன் ஒரு முன்குறிப்பு. பிரெஞ்சு மூக்கொலிகளும் தொண்டை ‘ர’வும் தமிழ் எழுத்தில் அடங்காது. கீழே தரும் ஒலிப்புகள் தோராயமானவை.

மொழிகளுக்குள் சொந்தம் என்பது சாயல் அல்ல. தமிழில் சந்தோஷம், வருஷம், புத்தகம் எல்லாம் புழங்குகின்றன. அதனால் தமிழ் சமஸ்கிருதத்தின் பிள்ளையாகிவிடாது. பிரெஞ்சில் வெட்டிவேருக்கு ‘வெத்திவேர்’ என்றே பெயர், நம்மிடமிருந்து போன சொல். அதை வைத்துத் தமிழும் பிரெஞ்சும் உறவு என்று யாரும் சொல்வதில்லை. ஆனால் கன்னடத்தைப் பாருங்கள்: பால் – ஹாலு, பல் – ஹல்லு, பத்து – ஹத்து, புலி – ஹுலி. நம் ‘ப’ வருமிடத்தில் அங்கே வரிசையாக ‘ஹ’ நிற்கிறது. மொழியியலாளர் தேடுவது இந்த ஒழுங்கைத்தான். ஒரு சொல் ஒத்துப்போனால் தற்செயலாக இருக்கலாம், பத்து சொல் ஒத்துப்போனால் கடனாக இருக்கலாம். அன்றாடச் சொற்களில் ஒரே ஒலி ஒரே விதமாக மாறிக்கொண்டே போனால் மட்டும் ரத்த உறவு.

இதே சோதனையை லத்தீனின் பிள்ளைகளிடம் செய்து பார்க்க மூன்று சொற்கள் போதும்: எட்டு, இரவு, பால். லத்தீனில் ஒக்தோ, நொக்தெம், லக்தெம். மூன்றிலும் நடுவே ‘க்த்’. இத்தாலியத்தில் ஒத்தோ, நொத்தே, லாத்தே (காபிக் கடையில் கேட்கும் அதே லாத்தே). ஸ்பானிஷில் ஓச்சோ, நோச்சே, லேச்சே. போர்ச்சுகீசில் ஒய்த்து, நொய்த்தி, லெய்த்தி. ருமேனியத்தில் ஒப்த், நொஅப்தே, லாப்தே. பிரெஞ்சில் உயித், நுயி, லே. ‘க்த்’ என்பது இத்தாலியத்தில் ‘த்த்’, ஸ்பானிஷில் ‘ச்ச்’, போர்ச்சுகீசில் ‘ய்த்’, ருமேனியத்தில் ‘ப்த்’. பிரெஞ்சிலும் ஒருகாலத்தில் ‘ய்த்’ தான் இருந்தது. அதனால்தான் மூன்று சொற்களையும் எழுதும்போது இன்றும் கடைசியில் ஐ, டி என்ற இரண்டு எழுத்துகள் நிற்கின்றன. வாய் விட்டதை எழுத்து விடவில்லை.

இப்போது ஆங்கிலம். எய்ட், நைட் இரண்டும் ஒக்தோவுக்கும் நொக்தெமுக்கும் உறவுதான். சமஸ்கிருத அஷ்ட, நக்த என்பவையும் அப்படியே. ஆனால் இது இந்தோ-ஐரோப்பியம் என்ற கொள்ளுப்பாட்டி வழி உறவு. 1066-ல் நார்மன்கள் பிரான்சிலிருந்து போய் இங்கிலாந்தைப் பிடித்ததற்குப் பல ஆயிரம் ஆண்டு முந்தியது. அந்த மட்டத்தில் ஆங்கிலம் பிரெஞ்சுக்கு எவ்வளவு உறவோ, ஏறத்தாழ அவ்வளவே இந்தியும் ரஷ்யமும் பாரசீகமும்.

மாட்டை எடுத்துக்கொண்டால் கடனும் பிறப்பும் ஒரே இடத்தில் தெரியும். ஆங்கிலக் ‘கவ்’, சமஸ்கிருதக் ‘கோ’, லத்தீன் ‘போஸ்’ மூன்றும் ஒரே மூலச் சொல்லின் பிள்ளைகள். லத்தீன் சொல் பிரெஞ்சில் ‘பஃப்’ ஆகி, 1066-க்குப் பிறகு இங்கிலாந்துக்குப் போய் ‘பீஃப்’ ஆனது. ஆங்கிலத்திடம் அந்தச் சொல் இரண்டு தடவை இருக்கிறது: ஒன்று பிறப்பில் வந்தது, மற்றது இறைச்சியோடு வந்தது. ஆங்கில அகராதியில் சுமார் பத்தில் மூன்று பங்கு பிரெஞ்சு வழி வந்தவை என்று கணக்கிடுகிறார்கள். ஆனால் கை, கால், தண்ணீர், நான், நீ, வா, போ என்ற அடிமட்டத்துக்கு இறங்கினால் கிட்டத்தட்ட எல்லாம் ஆங்கிலம் பிறந்த ஜெர்மானியக் கிளையுடையவை.

கொள்ளுப்பாட்டியைக் கண்டுபிடித்த கதையில் நம் ஊருக்கும் ஒரு பங்கு உண்டு. கல்கத்தாவில் நீதிபதியாக இருந்த வில்லியம் ஜோன்ஸ் 1786-ல் ஆற்றிய உரையைத்தான் எல்லோரும் தொடக்கமாகச் சொல்வார்கள். ஆனால் தென்னிந்தியாவில் பணியாற்றி 1779-ல் புதுச்சேரியில் இறந்த கெர்தூ என்ற பிரெஞ்சு இயேசு சபைப் பாதிரியார், 1767-லேயே சமஸ்கிருதம், லத்தீன், கிரேக்கம் மூன்றுக்கும் உள்ள ஒற்றுமையைப் பாரிஸ் அகாதமிக்கு எழுதி அனுப்பிவிட்டார். அது அச்சேறியது 1808-ல். அதற்குள் பெயர் ஜோன்ஸுக்குப் போய்விட்டது.

இனி மரத்தில் மேலிருந்து கீழே இறங்குவோம். இந்தோ-ஐரோப்பியத்தில் இத்தாலிக் கிளை, அதில் லத்தீன். கி.மு. 58 முதல் சீசர் ‘கால்’ (Gaul, இன்றைய பிரான்சும் சுற்றுப்புறமும்) நாட்டைப் பிடித்தார். அங்கே அதுவரை பேசப்பட்டது காலியம் என்ற கெல்திய மொழி. அது சில நூற்றாண்டுகளில் மறைந்தது. கருவாலி மரம் (ஷேன்), வானம்பாடி (அலுவெத்), ஏர் (ஷாரூ), ஆடு (மூத்தோன்) என்று நூற்றுச் சொச்சம் சொற்களைத்தான் பிரெஞ்சில் விட்டுப்போனது. பெரும்பாலும் வயலும் காடும் சார்ந்தவை. நகரத்துச் சொற்களை லத்தீன் எடுத்துக்கொண்டது.

பிறகு ஃபிராங்குகள் வந்தார்கள். பிரான்ஸ் என்ற பெயரே இந்த ஜெர்மானியர் பெயர். போர் (கேர்), வெள்ளை (பிளான்), தோட்டம் (ஷர்தான்), வெட்கம் (ஓன்த்) எல்லாம் அவர்கள் தந்தவை. இதில் ஒரு தடயம் இன்றும் மாணவர்களைப் படுத்துகிறது. பிரெஞ்சில் ‘ஹ’ ஒலியே கிடையாது. ஆனால் லத்தீனிலிருந்து வந்த ‘மனிதன்’ என்ற சொல்லுக்கு முன் சுட்டு (ஆங்கில ‘the’ போன்றது) சேரும்போது இரண்டும் ஒட்டி ‘லோம்’ ஆகும். ஃபிராங்குச் சொல்லான வெட்கம் ஒட்டாமல் ‘லா ஓன்த்’ என்று தனித்தே நிற்கும். ஆயிரம் ஆண்டுக்கு முன் அங்கே உண்மையாக ஒலித்த ‘ஹ’ இன்னும் கதவை அடைத்துக்கொண்டு நிற்கிறது.

லத்தீன் எப்போது பிரெஞ்சானது என்பதற்குத் தேதி கிடையாது, சாட்சிகள் உண்டு. 813-ல் தூர் நகரில் கூடிய திருச்சபைச் சங்கம், பிரசங்கத்தை ‘நாட்டுப்புற ரோமானிய மொழி’யிலோ ஜெர்மானியத்திலோ பெயர்த்துச் சொல்லும்படி பாதிரிகளுக்குக் கட்டளையிட்டது. கோயில் லத்தீன் ஜனங்களுக்குப் புரியவில்லை என்பதற்கு இதைவிட என்ன சான்று வேண்டும்? 842 பிப்ரவரி 14 அன்று ஸ்ட்ராஸ்பூரில் ஃபிராங்குப் பேரரசர் சார்லமாஞின் பேரன்கள் இருவர் ஒப்பந்தம் செய்துகொண்டபோது, ஜெர்மானியப் பகுதி அரசன் லூயி தன் தம்பி சார்லின் படைகளுக்குப் புரியும்படி ரோமானியத்தில் சபதம் செய்தான். சார்ல் ஜெர்மானியத்தில் செய்தான். அந்த ரோமானிய வாசகம்தான் நமக்குக் கிடைத்த மிகப் பழைய பிரெஞ்சு என்று வழக்கமாகச் சொல்கிறார்கள். படித்தால் பாதி லத்தீன், பாதி வேறெதுவோ.

அந்தக் காலத்து கால் நாட்டில் ஒரே மொழி இருக்கவில்லை. ‘ஆமாம்’ என்பதற்கு வடக்கே ‘ஒயில்’ என்றார்கள். அதுதான் இன்றைய ‘உய்’. தெற்கே ‘ஒக்’. 14-ஆம் நூற்றாண்டுத் தொடக்கத்தில் இத்தாலியக் கவிஞர் தாந்தே இதை வைத்தே ஒயில், ஒக், (இத்தாலியின்) சி என்று மொழிகளைப் பிரித்தார். ஒக் பக்கம் இருப்பது ஒக்சித்தான். அதன் தெற்குச் சகோதரி கட்டலான். ஒயிலுக்கும் ஒக்குக்கும் நடுவே லியோன், சவோய், ஜெனீவா, இத்தாலியின் அவோஸ்தா பள்ளத்தாக்கு என்று பரவியிருப்பது ஃபிராங்கோ-புரோவான்சால். 1873-ல் அஸ்கோலி என்ற இத்தாலிய அறிஞர் வைத்த இந்தப் பெயர் பெரிய குழப்பத்துக்குக் காரணம். இரண்டும் கலந்த கலவை என்று நினைக்க வைக்கிறது. அது தனி மொழி. இன்று ஆர்வலர்கள் ஆர்ப்பித்தான் என்கிறார்கள்.

ஒயில் பக்கத்தில்தான் பிக்கார், நார்மன், வலோன், காலோ, ஷாம்பன்வா, லொரேன், புவாத்தவான் எல்லாம். பாரிஸ் வட்டாரத்து வழக்கு அரசனின் வழக்கு என்பதால் ‘பிரெஞ்சு’ ஆனது. மற்றவை ‘கொச்சை’ என்ற பெயர் வாங்கின. இவற்றைக் கெட்டுப்போன பிரெஞ்சு என்று பலர் இன்றும் சொல்வது தவறு. அவை பிரெஞ்சிலிருந்து பிறக்கவில்லை, பிரெஞ்சோடு பிறந்தவை. 1539-ல் வில்லேர்-கோத்ரே ஆணை நீதிமன்ற ஆவணங்களிலிருந்து லத்தீனை வெளியேற்றியது. 1635-ல் மொழிக்கு விதி வகுக்கும் பிரெஞ்சு அகாதமி வந்தது. அப்படியும் 1794-ல் கிரெகுவார் பாதிரியார் சமர்ப்பித்த அறிக்கைப்படி, குறைந்தது 60 லட்சம் பிரெஞ்சுக் குடிமக்களுக்கு அந்த மொழி தெரியாது. சரியாகப் பேசுவோர் 30 லட்சத்துக்கு மேல் இல்லை. நாடு முழுக்கப் பிரெஞ்சு பேசுவது பள்ளிக்கூடம் கட்டாயமான பிறகு வந்த நிலை.

கூடப்பிறந்தவர்களுக்குள் வேறுபாடு எப்படி இருக்கும்? லத்தீனில் ‘க’ வந்த இடத்தில், பின்னால் ‘அ’ இருந்தால் பாரிஸ் வழக்கு ‘ஷ’ ஆக்கிவிட்டது. பாடு: கந்தாரே – ஷாந்தே. பசு: வாக்கா – வாஷ். நார்மனும் பிக்காரும் இதைச் செய்யவில்லை. அங்கே பசு ‘வாக்’ தான். நமக்கு இது புதிதல்ல: கன்னடத்தில் ‘கிவி’யாக நிற்பது தமிழில் ‘செவி’ ஆனதும் இதே வகை மாற்றம். நம்மிடம் இ, எ போன்ற முன்னுயிர் வந்தால் ‘க’ நெகிழ்ந்தது. வட பிரான்ஸில் அன்று ‘அ’வே முன்பக்கம் சாய்ந்து ஒலித்ததால் அங்கும் நெகிழ்ந்தது.

இந்த மாற்றம் இரண்டு படியாக நடந்தது என்பதற்கு ஆங்கிலமே சாட்சி. முதலில் ‘ச்ச’, பிறகு 13-ஆம் நூற்றாண்டு வாக்கில் ‘ஷ’. தலை என்று பொருள்படும் லத்தீன் ‘கபுத்’ முதல் படியில் இருந்தபோது ஆங்கிலம் வாங்கியது ‘சீஃப்’. அதே சொல்லை 19-ஆம் நூற்றாண்டில் சமையலறை வழியாக மறுபடி வாங்கியபோது ‘ஷெஃப்’. நாம் நாளிதழில் பார்க்கும் சீஃப் செகரட்டரியும் ஓட்டல் ஷெஃபும் ஒரே தலை.

நார்மன் தனிமொழி என்பதற்கான சான்றும் நம் நாக்கிலேயே இருக்கிறது. ஃபிராங்குகளின் ‘வ’ பாரிஸில் ‘க’ (ஆங்கில g ஒலி) ஆனது, நார்மனில் ‘வ’வாகவே நின்றது. இங்கிலாந்தைப் பிடித்தவர்கள் நார்மன்கள். அதனால் ஆங்கிலம் ஒரே சொல்லை இரண்டு வாசலில் வாங்கியது: வார்டன் – கார்டியன், வாரண்டி – கேரண்டி. ‘வார்’ நார்மன் வழி வந்தது. பாரிஸ் வடிவம்தான் மேலே சொன்ன ‘கேர்’. மிக்ஸி வாங்கும்போது “வாரண்டியா கேரண்டியா” என்று கேட்பவர், தெரியாமலேயே இரண்டு ஒயில் மொழிகளை ஒப்பிட்டுக்கொண்டிருக்கிறார்.

இன்று பிக்கார், நார்மன் எல்லாம் அழியும் அபாயத்தில் உள்ள மொழிகள். ஆங்கிலக் கால்வாயில் ஜெர்சி, கெர்ன்சி தீவுகளில் நார்மனின் வழக்குகள் சில முதியவர்களிடம் மிஞ்சியிருக்கின்றன.

பிரெத்தோன், பாஸ்கு, அல்சாசியம், ஃபிளெமிஷ் இவையும் பிரான்சுக்குள் உள்ளன. ஆனால் முறையே கெல்தியம், எந்தக் குடும்பத்திலும் சேராதது, ஜெர்மானியம், ஜெர்மானியம். ஒரே நாட்டில் குடியிருந்தால் சொந்தம் ஆகிவிடாது. பிரெத்தோனைக் காலியத்தின் எச்சம் என்று நினைக்க வேண்டாம். 5, 6-ஆம் நூற்றாண்டுகளில் பிரிட்டனிலிருந்து கடல் தாண்டி வந்தது.

இணையத்தில் அடிக்கடி சுற்றும் எண் ஒன்று: பிரெஞ்சும் இத்தாலியமும் சொல்லளவில் 89 சதவீதம் ஒற்றுமை, ஸ்பானிஷோடு 75. இதை நம்பி இத்தாலியம்தான் நெருங்கிய உறவு என்று முடிவு கட்டுகிறார்கள். இந்த எண்ணில் இரண்டு ஓட்டைகள். ஒன்று, பிக்காரையும் வலோனையும் பக்கத்தில் வைத்துப் பார்ப்பதே இல்லை. இரண்டாவது இன்னும் முக்கியம்: பிரெஞ்சு தன் தாயிடமிருந்தே கடன் வாங்கிய மொழி. வாய்வழி வந்த சொல் தேய்ந்துபோன பிறகு, படித்தவர்கள் லத்தீன் புத்தகத்திலிருந்து அதே சொல்லை மறுபடி எடுத்தார்கள். ஃப்ரேல், ஃபிராஜில் இரண்டும் ‘ஃபிராகிலிஸ்’. ஷோஸ், கோஸ் இரண்டும் ‘கவ்ஸா’. புத்தகச் சொற்களை எண்ணினால் ஒற்றுமை ஏறும், வாய்வழிச் சொற்களை எண்ணினால் சரியும். தற்பவம், தற்சமம் என்று நம் இலக்கணம் பிரித்து வைத்திருப்பது இந்த வேறுபாட்டைத்தான்.

எதிர்த்திசையிலிருந்தும் ஓர் அளவை உண்டு. மொழியியலாளர் மாரியோ பெய் 1949-ல் அழுத்தம் பெறும் உயிரொலிகளை மட்டும் வைத்து லத்தீனிலிருந்து விலகலைக் கணக்கிட்டார்: சார்தீனியம் 8, இத்தாலியம் 12, ஸ்பானிஷ் 20, ருமேனியம் 23.5, ஒக்சித்தான் 25, போர்ச்சுகீசு 31, பிரெஞ்சு 44 சதவீதம். உயிரொலி மட்டும்தான், இலக்கணம் கணக்கில் இல்லை. ஆனாலும் பிரெஞ்சு கடைசியில் நிற்பது நியாயமே.

அந்தத் தேய்மானத்தைப் பார்க்க ஒரு சொல்: ‘வேர்’. நம் வேர் இல்லை. பிரெஞ்சில் இந்த ஒரே ஒலிக்கு ‘நோக்கி’, ‘பச்சை’, ‘கண்ணாடி’, ‘புழு’ என்று நான்கு பொருள், எழுத்து நான்கு விதம். லத்தீனில் வெர்சுஸ், விரிதிஸ், வித்ரும், வெர்மிஸ். இத்தாலியத்தில் இன்றும் வெர்சோ, வெர்தே, வெத்ரோ, வெர்மே என்று நான்கும் தனித்தனி. சொல்லின் கடைசியில் ‘அ’ தவிர மற்ற உயிர்கள் உதிர்ந்தன, நடுவில் இருந்த மெய்கள் கரைந்தன. ‘ஆகுஸ்தும்’ என்ற ஆகஸ்ட் மாதம் பிரெஞ்சில் ‘ஊத்’, சிலர் வாயில் வெறும் ‘ஊ’. ‘அக்வா’ என்ற தண்ணீர் மூன்று உயிரெழுத்தில் எழுதப்பட்டு ‘ஓ’ என்று ஒலிக்கிறது. பிரெஞ்சு தெரிந்தவர் இத்தாலிய நாளிதழை ஓரளவு படித்துவிடலாம், ஆனால் இத்தாலியருக்குப் பிரெஞ்சுப் பேச்சு காதில் ஏறாது. அதற்குக் காரணம் இதுதான்.

வடிவம் தேய்ந்தாலும் எலும்புக்கூடு குடும்பத்துடையதே. ‘பாடுவேன்’ என்பதற்கு லத்தீனின் பழைய எதிர்கால வடிவத்தை விட்டுவிட்டு, ‘பாட எனக்கு உண்டு’ என்ற பொருளில் பேச்சு வழக்கில் கந்தாரே + ஹபெயோ சேர்ந்தது. அதுவே பிரெஞ்சில் ஷாந்த்ரே, இத்தாலியத்தில் கந்தெரோ, ஸ்பானிஷில் கந்தரே. பிரெஞ்சு எதிர்கால விகுதிகளை ‘உண்டு’ என்று பொருள்படும் ‘அவ்வார்’ என்ற வினையின் நிகழ்கால வடிவங்களோடு பக்கத்தில் வைத்துப் பாருங்கள், ஒட்டு போட்ட இடம் தெரியும். ருமேனியம் இதில் சேரவில்லை. ‘விரும்பு’ என்ற பொருளுள்ள வினையைத் துணையாகப் பிடித்துக்கொண்டது.

எண்களில் மட்டும் பிரெஞ்சு தனிவழி: 80 என்பது ‘நான்கு இருபது’, 97 என்பது ‘நான்கு இருபது பத்து ஏழு’. காலியத்தின் எச்சம் என்று பாடப்புத்தகங்கள் எழுதுவதை அப்படியே எடுத்துக்கொள்ள வேண்டாம், அது இன்னும் வாதத்தில் இருக்கிறது. பெல்ஜியத்திலும் சுவிட்சர்லாந்திலும் 70-க்கு செப்தாந்த், 90-க்கு நொனாந்த் என்று நேராகவே சொல்கிறார்கள்.

குடும்பத்தின் கடைக்குட்டிகள் மொரீசியஸ், ரியூனியன், சேஷெல்ஸ், ஹைத்தி தீவுகளின் கிரியோல்கள். இவை லத்தீனின் பேத்திகள், பிரெஞ்சின் மகள்கள். அடிமைகளாகக் கொண்டுவரப்பட்டவர்கள் காதில் விழுந்த பிரெஞ்சைக் கொண்டு புது மொழி கட்டினார்கள். சொல் பிரெஞ்சு, இலக்கணம் புதிது. மொரீசியஸில் தண்ணீர் ‘திலோ’. பிரெஞ்சில் ‘கொஞ்சம் தண்ணீர்’ என்பது ‘து லோ’. சுட்டோடு சேர்த்தே ஒரு சொல்லாகிவிட்டது. வீடு ‘லகாஸ்’ என்பதிலும் முன்னால் இருப்பது பிரெஞ்சுச் சுட்டு. அங்குள்ள தமிழ் வம்சாவளியினர் பெரும்பாலோருக்கு இன்று வீட்டு மொழி இந்தக் கிரியோல்தான். தமிழ் எழுத்து ரூபாய் நோட்டில் இருக்கிறது. கனடாவின் கெபெக் பிரெஞ்சு, ஆப்பிரிக்கப் பிரெஞ்சு ஆகியவை இந்த வகை அல்ல, அவை பிரெஞ்சின் வட்டார வழக்குகள்.

பிரெஞ்சிலிருந்து இன்னொரு லத்தீன் மொழிக்குத் தாவப் போகிறவர்கள் வழுக்கி விழும் இடங்கள் சில. ‘சலீர்’ என்றால் பிரெஞ்சில் அழுக்காக்கு, ஸ்பானிஷில் வெளியே போ, இத்தாலியத்தில் (சலீரே) மேலே ஏறு. பின்னிரண்டும் ‘குதி’ என்ற லத்தீன் வினை. பிரெஞ்சுச் சொல் ஃபிராங்குகளுடையது, பெயர் மட்டும் ஒன்று. ‘ஆந்தாந்த்ர்’ பிரெஞ்சில் காதில் விழுவது. ஸ்பானிஷ் ‘என்தெந்தேர்’ புரிவது. இத்தாலியத்தில் ‘புர்ரோ’ வெண்ணெய், ஸ்பானிஷில் கழுதை. பால்மாற்றமும் உண்டு: பால் என்ற சொல் பிரெஞ்சிலும் இத்தாலியத்திலும் ஆண்பால், ஸ்பானிஷில் பெண்பால், கடல் பிரெஞ்சில் பெண்பால், இத்தாலியத்தில் ஆண்பால். பன்மைக்கு ஸ்பானிஷ், போர்ச்சுகீசு, கட்டலான் மூன்றும் பிரெஞ்சு போலவே ‘ஸ்’ சேர்க்கும் (பிரெஞ்சில் எழுத மட்டும்). இத்தாலியமும் ருமேனியமும் கடைசி உயிரை மாற்றும். எந்த வரிசையில் கற்பது என்று கேட்டால், கட்டலானோ ஒக்சித்தானோ முதலில் எடுப்பது சுகம், ஏனென்றால் பாதி வழி ஏற்கெனவே கடந்திருப்பீர்கள். ஆனால் பாடநூலும் ஆசிரியரும் கிடைப்பது இத்தாலியத்துக்கும் ஸ்பானிஷுக்கும்தான் என்பதால் நடைமுறையில் எல்லோரும் அந்தப் பக்கமே போகிறார்கள்.